ஐஸ் பெட்டியில் விட்டுப்போன சிரிப்பு

யாரோ கண்ணாடியைத் தட்டினார்கள்.

நான் செத்துக் கிடந்தேன். மூக்கில் பஞ்சு, நெற்றியில் காசு, கால் கட்டைவிரல்கள் இரண்டையும் சேர்த்து ஒரு கட்டு. மேலே ஐஸ் பெட்டியின் கண்ணாடி மூடி. சுற்றிலும் என் சீரியல் மனைவி, சீரியல் மகள்கள், இன்னும் கல்யாணமே ஆகாத பையன்கள் நடிக்கும் சீரியல் மருமகன்கள்.

செத்தவன் கண்ணைத் திறக்கக் கூடாது. எத்தனையோ முறை செத்திருக்கிறேன், ஷாட் முடிவதற்குள் ஒருமுறை கூடத் திறந்ததில்லை. மறுபடியும் தட்டினார்கள்.

"சார், கொஞ்சம் எந்திரிங்க சார். பெட்டி வேணும்."

பெட்டிக்காரர் சேகர். கும்மிடிப்பூண்டி பஜாரில் பந்தல், நாற்காலி, ஐஸ் பெட்டி எல்லாம் வாடகைக்கு விடுகிறவர். உதவி இயக்குநர் ஒருவர் அவர் மேல் பாய்ந்தார்.

"ஷூட்டிங் போய்க்கினு கீது, இன்னாய்யா நீ?"

"எளாவூர்ல நெஜமாவே ஒருத்தர் பூட்டாரு சார். வெயில்ல வச்சிக்கினு கீறாங்க. இவரு அப்பால வந்து படுத்துக்கட்டும்."

போலிப் பிணம் எழுந்து நிஜப் பிணத்துக்கு இடம் விட்டது. கால் கட்டை அவிழ்க்க மறந்து நான் இறங்கப் போய், சீரியல் மருமகன் மேல் சாய்ந்து நின்றேன்.

இயக்குநர் பிரதீப், என் மகள் வயதுப் பையன், மானிட்டரைப் பார்த்துவிட்டு "எல்லா ஷாட்டும் வந்திடுச்சு, பெட்டிய விடுங்க" என்றார். பெட்டி வேனில் ஏறியது. அப்போதுதான் மேக்கப் கோதண்டம் தலையில் அடித்துக்கொண்டு ஓடி வந்தார்.

"அண்ணே, சிரிப்பு எடுக்கலையே! பூசணிக்கா வேற ஆரணியிலேருந்து வாங்கியாந்து வாசலாண்ட வச்சிருக்கேன்!"

"நாளைக்கு எடுத்துக்கலாம்ணே" என்றார் பிரதீப். தொழிற்பேட்டையில் ஷிப்டு சங்கு ஊதியது. வெளிச்சம் போய்விட்டது. யூனிட் மூட்டை கட்டியது. வாடகைக்கு எடுத்திருந்த அந்தப் பங்களாவில் மறுநாள் ஷூட்டிங்கே இல்லை.

பிணம் சிரிக்க வேண்டும்

இந்தத் தொடரை வாசிக்கிறவர்களில் சினிமாக்காரர்கள் குறைவு என்பதால் சொல்லிவிடுகிறேன். நம் ஊர் ஷூட்டிங்கில் ஒருவர் பிணமாக நடித்தால், காட்சி முடிந்ததும் அவர் அதே இடத்தில் கண்ணைத் திறந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்பார்கள். பிறகு பூசணிக்காய் சுற்றி உடைப்பார்கள். அந்தச் சிரிப்பு எந்தப் படத்திலும் வராது. ஆனால் அதை எடுக்காமல் யாரும் வீட்டுக்குப் போக மாட்டார்கள்.

எனக்கு இதில் நம்பிக்கை உண்டா என்றால், கிடையாது. சிரிக்கச் சொன்னால் சிரிப்பேன். பஞ்சை எடுத்துத் தொலைத்தால் போதும் என்றிருக்கும்.

நம்பிக்கை வைத்திருந்தது கஸ்தூரி. என் நிஜ மனைவி. மற்ற வீடுகளில் புருஷன் வேலை முடிந்து வந்தால் "சாப்பிட்டியா?" என்று கேட்பார்கள். எங்கள் வீட்டில் நான் பிணமாகப் போன நாட்களில் வாசலிலேயே நிறுத்தி ஒரே கேள்வி.

"இன்னாயா, சிரிச்சியா?"

"சிரிச்சேன்."

அப்புறம்தான் உள்ளே விடுவாள். அன்றைக்கு மட்டும் நடந்ததைச் சொன்னேன். ஐஸ் பெட்டிக் கதையைக் கேட்டு அவள் விழுந்து விழுந்து சிரிப்பாள் என்று நினைத்தேன். அவள் உள்ளே போய் ஒரு சொம்புத் தண்ணீரைக் கொண்டுவந்து என் தலையில் ஊற்றினாள்.

சத்தம் வராத சிரிப்பு

சிரிப்பைப் பற்றிச் சொல்ல வந்ததால் வானொலியைச் சொல்லாமல் நகர முடியாது.

அப்போது நான் தொழிற்பேட்டையில் ஒரு இரும்பு உருக்கு ஆலையில் வேலை பார்த்தேன். நைட் ஷிப்டு முடித்து, குளித்தும் குளிக்காமலும் மின்சார ரயிலைப் பிடித்து நாடக ஒலிப்பதிவுக்குப் போவேன். ரயில் மீஞ்சூரில் நின்றால் நிற்கும். கூட்ஸ் போகட்டும் என்பார்கள். அந்தக் கூட்ஸ் இன்றுவரை போய்க்கொண்டுதான் இருக்கிறது.

ஒலிப்பதிவு அறையில் ஒரு மைக், சுற்றி நாங்கள். தாள் சலசலக்கக் கூடாது. வானொலியில் சாவது சுகமான காரியம். மூச்சை இழுத்து இழுத்து விட்டுவிட்டு, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு சத்தம் போடாமல் வெளியே போய் டீ குடிக்கலாம். உள்ளே நமக்காக அழுதுகொண்டிருப்பார்கள்.

முதல் நாடகத்தில் எனக்கு ஒரு வரி, ஒரு சிரிப்பு. வரியைச் சொன்னேன். சிரித்தேன். தயாரிப்பாளர் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து, "ஏன் சிரிக்கலை?" என்றார்.

"சிரிச்சேன் சார்."

"எங்க? ஒண்ணும் கேக்கலையே?"

அதுதான் என் கோளாறு. எனக்குச் சிரிப்பு வந்தால் தோள் குலுங்கும், வயிறு குலுங்கும், கண்ணில் தண்ணீர் வரும். சத்தம் மட்டும் வராது. மூக்கு வழியாக சைக்கிள் டியூபில் காற்று இறங்குகிற மாதிரி ஒரு சீற்றம், அவ்வளவுதான். மைக்குக்கு அது பத்தாது.

"தம்பி, இங்க தோளை எவன் பார்க்கிறான்? வேற சிரிப்பு கத்துக்கிட்டு வா" என்றார் தயாரிப்பாளர்.

கற்றுக்கொண்டேன். ஆலையில் கம்பி நீட்டும் உருளை ஓடுகிற இரைச்சலில் யாருக்கும் கேட்காது என்பதால் அங்கேயே நின்று சாதகம் செய்தேன். ஜமீன்தார் சிரிப்பு அடிவயிற்றிலிருந்து. கணக்குப்பிள்ளை சிரிப்பு தொண்டையில் பாதி, மூக்கில் பாதி. குடிகாரன், சாமியார், பேய், பெண் பார்க்க வந்த மாப்பிள்ளை என்று ஆளுக்கொரு சிரிப்பு. பிற்பாடு சிரிப்பு வேண்டுமென்றால் என்னைத்தான் கூப்பிட்டார்கள்.

அதை வைத்துத்தான் தொலைக்காட்சி நாடகத்துக்குப் போனேன், அங்கிருந்து சினிமாவுக்கு. நீதிபதி, ஏட்டையா, கோயில் குருக்கள், கடைசி ரீலில் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி "எங்களால முடிஞ்சதைச் செஞ்சிட்டோம்" என்கிற டாக்டர். வில்லன்களுக்குக் குரல் கொடுத்தேன். ஊறுகாய் விளம்பரத்தில் நாக்கைச் சப்புக்கொட்டினேன். "பல்துறைக் கலைஞர்" என்று பொன்னாடை போர்த்தினார்கள். ஒரு துறையிலும் நிரந்தர வேலை இல்லாதவனுக்கு அந்தப் பெயர்.

போட்டோவுக்குத்தான் கால்ஷீட்

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். அந்த சீரியலில் என்னைக் கொன்றதற்குக் கதையில் ஒரு காரணமும் இல்லை. மகளுக்குக் குழந்தை பிறக்கப் போகிறது, சில நாள் லீவு வேண்டும் என்று கேட்டேன். சரி என்றார்கள். அடுத்த வாரம் கதையில் என் மேல் லாரி மோதியது.

செத்ததோடு விட்டார்களா? என் போட்டோவைப் பெரிதாக்கி, சந்தனம் பூசி, மாலை போட்டு, கூடத்தில் மாட்டினார்கள். அதன்பிறகு அந்த வீட்டில் யாருக்கு எது நடந்தாலும் என் போட்டோ முன்னால் வந்து நிற்க ஆரம்பித்தார்கள். சபதம் போட, மன்னிப்புக் கேட்க, சொத்துப் பத்திரத்தை ஒளித்துவைக்க. காற்றடித்து விளக்கு அணைந்தால் என் முகத்துக்கு மூன்று முறை குளோசப்.

உயிரோடு இருந்தபோது எனக்கு இவ்வளவு காட்சிகள் கிடைத்ததில்லை.

ஊரில் தலைகாட்ட முடியவில்லை. கும்மிடிப்பூண்டி ஸ்டேஷன் வாசலில் ஒரு அம்மாள் என் கையைப் பிடித்துக்கொண்டு, "இன்னா சார், நீங்க செத்துட்டீங்கல்ல?" என்றார். இல்லையம்மா என்றேன். "அப்பறம் ஏன் அந்தப் பொண்ணைப் பாக்கப் போவல? அது தெனிக்கும் அழுவுதே" என்று கோபித்துக்கொண்டார். எனக்கு ரயில் போய்விட்டது.

இதெல்லாம் பொறுத்துக்கொள்ளலாம். கஸ்தூரியைத்தான் பொறுக்க முடியவில்லை. தினமும் சாயங்காலம் தொலைக்காட்சி முன்னால் உட்காருவாள். மாலையோடு நான் வந்ததும் தாலியை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள்வாள். பக்கத்து நாற்காலியில் உயிரோடு முறுக்குத் தின்றுகொண்டிருக்கும் என்னைத் திரும்பி ஒரு பார்வை பார்ப்பாள்.

"பாக்காம இரேன்மே" என்று சொல்லிப் பார்த்தேன்.

"நான் பாக்கலன்னா மாலை இல்லன்னு ஆயிடுமா?"

ஆடு தின்ற மாலை

அவள் பிடிவாதத்துக்கு ஒரு வேர் உண்டு. அதையும் சொல்லத்தான் வேண்டும், இல்லாவிட்டால் அவளை அசடு என்று நினைப்பீர்கள்.

கஸ்தூரி பழவேற்காட்டுப் பக்கம் மீன்பிடிக் குப்பத்தில் பிறந்தவள். அவள் சிறுமியாக இருந்தபோது, அவள் அப்பா கடலுக்குப் போன படகு புயலில் சிக்கிவிட்டது. கூடப் போனவர்களில் சிலர் கரை சேர்ந்தார்கள். அவரைக் காணோம். நாள் ஆக ஆக, உறவுக்காரர்கள் மாலையோடு வந்துவிட்டார்கள். போட்டோவை வைத்துக் காரியத்தை முடிக்கலாம் என்று பேச்சு.

என் மாமியார் அந்த மாலையை வாங்கி வாசலில் கட்டியிருந்த ஆட்டுக்குப் போட்டார். ஆடு தின்றுவிட்டது.

"ஒடம்பக் கண்ணால பாக்காம மாலை போட்டா, வர்ற வழியில கீறவன அது நிறுத்திப்புடும்" என்றாராம். அப்புறம் ஒருநாள் காலையில், ஆந்திரக் கரையில் ஒதுங்கிய மாமனார் ஒரு சரக்கு லாரியில் எளாவூரில் வந்து இறங்கி, அங்கிருந்து வீடு வந்து சேர்ந்தார். வந்ததும் பசிக்குது என்று நாஷ்டா கேட்டாராம். வெகு காலம் வாழ்ந்து, என் மகள் கல்யாணச் சாப்பாடும் சாப்பிட்டுவிட்டுத்தான் போனார்.

"எங்க நைனாவுக்கு மாலை போட்டிருந்தா அவரு வந்திருப்பாரா?" என்பாள் கஸ்தூரி. இதற்கு என்னிடம் பதில் இருக்கிறது. சொன்னால் அவள் கேட்க வேண்டுமே.

அறுக்கட்டும், அப்பால

சென்ற ஆண்டு மாடிப்படி ஏறும்போது நெஞ்சில் ஒரு பிடிப்பு வந்தது. வாயு என்று நினைத்துப் பெருங்காயம் கரைத்துக் குடித்தேன். இரண்டாம் முறை வந்தபோது மகள் ஆஸ்பத்திரிக்கு இழுத்துப் போனாள்.

குழாய்களில் அடைப்பு. நெஞ்சைத் திறந்து மாற்றுக் குழாய் வைக்க வேண்டும், தள்ளிப்போட்டால் ஆபத்து என்றார் டாக்டர். நானாக இருந்தால் மூக்குக் கண்ணாடியைக் கழற்றிவிட்டுத்தான் சொல்லியிருப்பேன். அவர் கம்ப்யூட்டரைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

கஸ்தூரி எல்லாவற்றையும் கேட்டுவிட்டு எழுந்தாள்.

"மொதல்ல சிரிச்சிட்டு வரட்டும். அப்பால அறுக்கட்டும்."

டாக்டருக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்து ரத்தக் கொதிப்பு ஏறியது. ஆஸ்பத்திரி வராந்தாவிலேயே சண்டை.

"ஏம்மே, உனக்கு மூளை கீதா? நெஞ்சில அடைப்பு. அதுக்கும் சீரியலுக்கும் இன்னா சம்பந்தம்?"

"மாலையோட படுக்கப் போறேன்றியே, அதான் சம்பந்தம்."

"சரி, இந்தா, இங்கயே சிரிக்கிறேன்."

"நீ செத்தத யாரு பாத்தது? நானா? கேமரா பாத்துச்சு. நீ சிரிக்கிறதயும் அதுதான் பாக்கணும். அந்தப் பெட்டியில, அந்த எடத்துல."

மகளைப் பார்த்தேன். திருவள்ளூரில் பேங்க் வேலை, படித்த பெண், நம் பக்கம் பேசுவாள் என்று நம்பினேன். "ஒரு சிரிப்புதானேப்பா, போய்ச் சிரிச்சிட்டு வந்துடேன்" என்றாள். பெற்று வளர்த்ததற்குப் பலன்.

சீரியலில் அப்பா வேஷம் என்பதால் என்னை அப்பா என்றே கூப்பிடும் பிரதீப்புக்குப் போன் போட்டேன். சிரிப்பெல்லாம் எதற்கு, போட்டோவையே இறக்கிவிட்டால் கஸ்தூரி ஒத்துக்கொள்ளலாம் என்று ஒரு நப்பாசை.

"அப்பா, அந்தப் போட்டோதான் இப்ப கதையே."

"மாலையையாவது எடுங்க தம்பி."

"மாலைய எடுத்தா நீங்க உயிரோட இருக்கீங்கன்னு ஜனங்க நினைச்சிடுவாங்கப்பா."

"நான் உயிரோடதான் தம்பி இருக்கேன்!"

"நான் கதையில சொல்றேன்ப்பா."

போனைத் தூக்கி எறியலாம் போலிருந்தது. ஆனாலும் பையன் நல்லவன். ஆபரேஷன் என்றதும் குரல் மாறிவிட்டது. அந்த வாரமே பழைய பங்களாவில் ஷூட்டிங் இருக்கிறது, சாப்பாட்டு இடைவேளையில் எடுத்துத் தருகிறேன், வாங்க என்றார். என்ன காட்சி என்று கேட்டேன். கொஞ்சம் தயங்கி, "உங்க தெவசம்ப்பா" என்றார்.

மறுபடியும் பெட்டிக்குள்

என் தெவசத்துக்கு நானே ஆட்டோவில் போய் இறங்கினேன். கூடத்தில் வாழை இலை போட்டு எனக்குப் பிடித்ததாக யாரோ எழுதிய பலகாரங்களைப் படைத்திருந்தார்கள். எனக்கு அதிரசம் ஆகாது. சுவரில் மாலையோடு நான். கஸ்தூரி அந்தப் பக்கமே பார்க்காமல் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு நின்றாள். எத்தனையோ வருஷத்தில் அவள் ஷூட்டிங் பார்க்க வந்தது அன்றைக்குத்தான்.

பெட்டியை சேகர் கொண்டுவந்து இறக்கினார். அதே பெட்டிதானா என்று கஸ்தூரி கேட்டாள். "அதேதாம்மா, மூடியில கீறல் பாருங்க" என்று காட்டினார். என்னிடம் திரும்பி, "சீக்கிரம் முடிங்க சார். போன் வந்துச்சின்னா தூக்கினு பூடுவேன்" என்றார்.

கோதண்டம் பஞ்சு வைத்தார், காசு வைத்தார், கால் விரல்களைக் கட்டினார். படுத்தேன். மூடியை மூடினார்கள்.

அதுவரை எனக்கு எரிச்சல் மட்டும்தான் இருந்தது. மூடி மூடியதும் பயம் வந்தது. பெட்டிக்குள் என் மூச்சு எனக்கே கேட்டது. ஆபரேஷன் மேஜையும் இப்படித்தானே இருக்கும், அதிலிருந்து யார் தட்டி எழுப்புவார்கள் என்று நினைத்தேன். இத்தனை முறை செத்ததில் சாவைப் பற்றி நான் ஒன்றுமே தெரிந்துகொள்ளவில்லை என்று பட்டது.

"அப்பா, கண்ணைத் திறந்து சிரிங்க" என்றார் பிரதீப்.

கண்ணைத் திறந்தேன். தொண்டை தானாகவே பழைய சரக்கை எடுத்துப் போட்டது. ஜமீன்தார் சிரிப்பு. பெட்டி அதிர்ந்தது. பிரதீப் கட்டைவிரலைத் தூக்கினார்.

"இது ஜமீன்தாரு" என்றாள் கஸ்தூரி. "வேணாம்."

மாப்பிள்ளை சிரிப்பைப் போட்டேன்.

"இதுவும் ரேடியோ. இன்னோர் தபா."

சாமியார், ஏட்டையா, ஊறுகாய்க்காரர் எல்லாரும் வந்து போனார்கள். ஒவ்வொன்றுக்கும் அவள் ஆளைச் சொல்லித் திருப்பி அனுப்பினாள். எந்த நாடகத்தையும் கேட்டதாக அவள் என்னிடம் சொன்னதே இல்லை. யூனிட் முழுக்கச் சாப்பாட்டுத் தட்டோடு நின்று வேடிக்கை பார்த்தது. சேகர் போனை எடுத்து எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மூடியைத் தள்ளிக்கொண்டு எழுந்து கத்திவிட்டேன். "உனக்கு இன்னாதான்டி வேணும்?"

"உன்னுதச் சிரிய்யா."

"எது என்னுது?"

நிஜமாகவே எனக்குத் தெரியவில்லை. கேட்ட பிறகுதான் அது எனக்கே உறைத்தது.

கஸ்தூரி பெட்டிக்கு அருகே வந்தாள். அத்தனை பேர் நடுவில், முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு, தோள் இரண்டையும் குலுக்கி, கண்ணை இடுக்கி, மூக்கால் "ஸ்ஸ்... ஸ்ஸ்" என்று காற்று விட்டாள். தலை ஒரு பக்கம் சாய்ந்து வயிறு குலுங்கியது. நான்தான். கொஞ்சம்கூடக் கூட்டவில்லை, குறைக்கவில்லை. இவ்வளவு பெரிய நடிகையை வீட்டில் வைத்துக்கொண்டு நான் ஊரெல்லாம் நடிக்கப் போயிருக்கிறேன்.

எனக்குத் தோள் குலுங்க ஆரம்பித்தது. பெட்டிக்குள் சரிந்து விழுந்தேன். மூக்குப் பஞ்சு ஒன்று பறந்து சேகர் சட்டையில் ஒட்டிக்கொண்டது. கண்ணில் தண்ணீர் வழிந்தது. பயமும் சேர்ந்துதான் வழிந்தது, பொய் சொல்ல மாட்டேன்.

"சார், சவுண்ட் ஒண்ணுமே வரல. ஒன் மோர் போலாமா?" என்றார் ஒலிப்பதிவுக்காரர்.

"அவரு சிரிச்சா அப்டித்தான்" என்றாள் கஸ்தூரி. "எடுத்தாச்சில்ல? ஆள வெளிய வுடுங்க."

கோதண்டம் பூசணிக்காயைச் சுற்றி வாசல் ரோட்டில் உடைத்தார். இரும்புக் கம்பி ஏற்றி வந்த லாரிக்காரர் ஒருவர் பிரேக் போட்டு, எங்கள் பரம்பரையையே திட்டிவிட்டுப் போனார். மறுநாள் காலை கஸ்தூரி ஆஸ்பத்திரியில் கையெழுத்துப் போட்டாள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம்

ஆபரேஷனைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. தூங்கிப்போனேன். விழித்தபோது உடம்பெல்லாம் வயர். வாயில் குழாய், தொண்டைக்குள் இறங்கியிருந்தது. பேசக் கூடாது, பேச்சு வராது, பிறகு எடுத்துவிடுவோம் என்று நர்ஸ் சொன்னார். குரலை வைத்துப் பிழைத்தவனுக்கு அது எப்படி இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

யாரோ கண்ணாடியைத் தட்டினார்கள்.

கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் கஸ்தூரி நின்றிருந்தாள். தலை கலைந்திருந்தது. எப்போது சாப்பிட்டாளோ தெரியாது. உள்ளே விட மாட்டார்கள். அவள் பேசுவது எனக்குக் கேட்கவில்லை. வாய் அசைந்தது மட்டும் தெரிந்தது.

அதைப் புரிந்துகொள்ள எனக்குக் காது தேவையில்லை. சிரிச்சியா என்றுதான் கேட்டாள்.

ஜமீன்தார் சிரிப்புக்கு வழியில்லை. எந்தச் சிரிப்புக்கும் வழியில்லை. தோள் மட்டும் மெல்லக் குலுங்கியது. தையல் போட்ட இடத்தில் உயிர் போகிற வலி. நர்ஸ் ஓடி வந்து, "சார், அழக் கூடாது, அழக் கூடாது" என்று தோளை அமுக்கினார்.

கஸ்தூரி கதவைப் படபடவென்று தட்டி, தள்ளித் திறந்து, தலையை மட்டும் உள்ளே நீட்டினாள்.

"அழுவுலம்மா. அவரு சிரிக்கிறாரு."

சொல்லிவிட்டு நாஷ்டா சாப்பிடப் போனாள்.